வேலண்ட் என்னும் கொல்லன்: கேள்வி பதில்

வட ஐரோப்பியக் கதைகளில் வரும் கொல்லன் வேலண்ட் பற்றி வந்த கேள்விகளுக்கான பதில்கள் இவை. பழைய இங்கிலாந்தின் ஆங்கிலோ-சாக்சன்களுக்கு அவன் வேலண்ட், ஐஸ்லாந்துக் கவிதையில் வோலுந்தர். குழப்பம் வராமல் இருக்க எல்லா இடத்திலும் வேலண்ட் என்றே எழுதியிருக்கிறேன்.

கேள்வி: இவர் கடவுளா, மனிதரா? கதையை முதலில் சொல்லிவிடுங்களேன்.

கடவுள் இல்லை. ஐஸ்லாந்துக் கவிதை அவனை 'எல்ஃப்களின் தலைவன்' என்கிறது, எல்ஃப் என்றால் மாய சக்தியுள்ள ஒரு கூட்டம். அதோடு சேர்ந்த உரைநடை முன்னுரையோ ஃபின் மன்னன் ஒருவனின் மகன் என்கிறது. இரண்டுக்கும் நடுவே நிற்கும் ஆள் என்று வைத்துக்கொள்ளலாம்.

அண்ணன் தம்பி மூன்று பேர் ஓநாய்ப் பள்ளத்தாக்கில் ஏரிக்கரையில் குடியிருக்கிறார்கள். அன்னச் சிறகு பூண்ட மூன்று பெண்களை மணக்கிறார்கள். ஏழு குளிர்காலம் சேர்ந்து வாழ்ந்த பிறகு, எட்டாவதை ஏக்கத்தோடு கழித்து, ஒன்பதாவதில் பெண்கள் பறந்துபோய்விடுகிறார்கள். மற்ற இருவரும் மனைவியைத் தேடிக் கிளம்ப, வேலண்ட் மட்டும் உலையை மூட்டிக்கொண்டு பொன் மோதிரங்கள் செய்தபடி காத்திருக்கிறான். நிடுத் என்ற அரசனுக்குச் செய்தி எட்டுகிறது. அவனுடைய ஆட்கள் இரவில் வந்து, கயிற்றில் கோத்திருந்த எழுநூறு மோதிரங்களில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றவற்றைத் திரும்பக் கோத்து வைக்கிறார்கள். வேட்டையிலிருந்து வந்த வேலண்ட் கரடி இறைச்சியை வாட்டப் போட்டுவிட்டு, கரடித்தோலில் உட்கார்ந்து மோதிரங்களை எண்ணுகிறான். ஒன்று குறைகிறது. மனைவி திரும்பி வந்து எடுத்திருப்பாள் என்று நினைக்கிறான். அந்த நம்பிக்கையிலேயே தூங்கிப்போகிறான். கண் விழித்தால் கையிலும் காலிலும் விலங்கு.

அரசன் அவனுடைய வாளைத் தன் இடுப்பில் கட்டிக்கொண்டு மோதிரத்தை மகள் போத்வில்டுக்குக் கொடுக்கிறான். கைதியின் கண்கள் பாம்பின் கண்கள்போல மின்னுவதைப் பார்த்த அரசி, கால் நரம்பை அறுக்கச் சொல்கிறாள். அறுத்து, தீவில் அடைத்து, அரசனுக்கு மட்டும் நகை செய்ய வைக்கிறார்கள்.

பழிவாங்கல் அங்கே ஆரம்பிக்கிறது. பொன்னைப் பார்க்கும் ஆசையில் இளவரசர்கள் இருவரும் யாருக்கும் தெரியாமல் தீவுக்கு வருகிறார்கள். பெட்டிக்குள் குனிந்த பையன்களின் தலையைத் துண்டித்து, மண்டையோடுகளுக்கு வெள்ளி கட்டி அரசனுக்குக் கிண்ணமாக அனுப்புகிறான். கண்கள் அரசிக்கு மணிகளாகப் போகின்றன, பற்கள் போத்வில்டுக்கு மார்பு ஊசியாக. பிறகு உடைந்த மோதிரத்தைச் சரிசெய்ய அவளே வருகிறாள். மது கொடுத்து மயங்கவைத்து அவளைக் கெடுக்கிறான். கடைசியில் சிரித்துக்கொண்டே வானில் எழும்பி, அரசனிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டுப் பறந்துபோகிறான்.

கேள்வி: கிரேக்கக் கொல்லன் ஹெஃபைஸ்டஸும் நொண்டிதானே? கொல்லர் என்றாலே கால் ஊனமாகக் காட்டுவது ஏன்?

ஆதிகால வெண்கலத்தில் செம்போடு ஆர்செனிக் கலந்திருந்தது, அந்தப் புகை நரம்பைக் கெடுத்துக் கைகால்களைத் தளரவைத்திருக்கும், அந்த நினைவுதான் கதைகளில் தங்கிவிட்டது என்று ஒரு விளக்கம் உண்டு. ஹெஃபைஸ்டஸுக்கு அது பொருந்தலாம். வேலண்ட் விஷயத்தில் எனக்கு அது தேவைப்படவில்லை. அவன் நொண்டியாகப் பிறக்கவுமில்லை, தொழிலால் ஆகவுமில்லை. திறமைசாலியைத் தன் சொத்தாக வைத்துக்கொள்ள அதிகாரம் செய்த வேலை அது. கை வேண்டும், கால் வேண்டாம் என்று கணக்குப் போட்டு அறுத்திருக்கிறார்கள். கதையின் முதல் குற்றம் அது. அதை மறந்துவிட்டு அவனை வெறும் அரக்கனாகப் படிக்கக் கூடாது.

கேள்வி: கால் நடக்காதவன் பறந்தது எப்படி? இறக்கை செய்தானா?

ஐஸ்லாந்துக் கவிதை சொல்லவில்லை, எழும்பினான் என்பதோடு சரி. 13ஆம் நூற்றாண்டில் நார்வேயில் தொகுக்கப்பட்ட 'தித்ரெக் சாகா' என்ற உரைநடை வீரக்கதை விரிவாகச் சொல்கிறது. அவனுடைய சகோதரன் எகில் தேர்ந்த வில்லாளி. எகில் அம்பெய்து கொண்டுவந்த பறவைகளின் சிறகுகளைக் கொண்டு வேலண்ட் சிறகுச் சட்டை செய்கிறான். பறந்துபோகும்போது அவனை அம்பால் அடிக்கும்படி எகிலுக்கே உத்தரவு வருகிறது. வேலண்டின் அக்குளில் இரத்தம் நிரப்பிய பை கட்டியிருக்கிறது. எகில் அதைக் குறிபார்த்து அடிக்க, இரத்தம் வழிவதைப் பார்த்த அரசன் ஆள் செத்தான் என்று நம்பிவிடுகிறான்.

ஸ்வீடனின் கோட்லாந்துத் தீவில் ஆர்ட்ரே என்ற இடத்துச் சித்திரக் கல் ஒன்றில் பட்டறை, அதன் பின்னால் தலையில்லாத இரண்டு உடல்கள், பறவை உருவம் எல்லாம் செதுக்கியிருக்கிறது. இங்கிலாந்தின் லீட்ஸ் நகரச் சிலுவைத் தூணிலும் சிறகு கட்டிய கொல்லன் இருக்கிறான்.

கேள்வி: கோழி எச்சத்திலிருந்து வாள் செய்த கதை உண்மையா?

அதுவும் தித்ரெக் சாகாவில்தான். முதலில் செய்த வாளை ஆற்றில் பிடிக்கிறான். மிதந்து வரும் கம்பளித் துண்டை அது வெட்டுகிறது. ஆனாலும் அவனுக்குத் திருப்தி இல்லை. வாளை அரத்தால் ராவிப் பொடியாக்கி, மாவில் பிசைந்து, பட்டினி போட்ட வளர்ப்புப் பறவைகளுக்குத் தின்னக் கொடுக்கிறான். எச்சத்தை உலையிலிட்டு, கசடு நீக்கி, மறுபடி அடிக்கிறான். இதையே இன்னொரு முறையும் செய்து வந்ததுதான் மிமுங் என்ற வாள். எச்சத்திலுள்ள நைட்ரஜன் இரும்பைக் கடினமாக்கும் என்று இதற்கு அறிவியல் விளக்கம் தேடியவர்கள் உண்டு. நான் இதைச் செய்முறைக் குறிப்பாகப் படிக்க மாட்டேன். ஆனால் செய்த பொருளைத் தானே அழித்து மறுபடி செய்யும் பிடிவாதம் இருக்கிறதே, அது பட்டறையை நேரில் பார்த்தவர்கள் சொன்ன விஷயம்.

வாளின் சோதனை இன்னும் பயங்கரம். போட்டிக் கொல்லன் அமிலியஸ், தான் செய்த கவசத்தை மாட்டிக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்து 'வெட்டு' என்கிறான். வேலண்ட் தலைக்கவசத்தின் மேல் வாளை வைத்து அழுத்துகிறான். எப்படி இருக்கிறது என்று கேட்டால், உடம்பில் குளிர்ந்த தண்ணீர் இறங்கினாற்போல இருக்கிறது என்கிறான் அமிலியஸ். 'கொஞ்சம் உதறிப் பார்' என்கிறான் வேலண்ட். உதறியதும் உடல் இரண்டாகப் பிளந்து விழுகிறது.

கேள்வி: அக்கா, அந்த இளவரசி என்ன ஆனாள்? யாருமே அவளைப் பற்றிப் பேசுவதில்லையே?

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். அரசன் செய்த கொடுமைக்கு வேலண்ட் திருப்பிக் கொடுத்தான் என்று முடித்துவிடுகிறார்கள். அறுக்கச் சொன்னது தாய், அறுக்கவைத்தது தந்தை. அவள் செய்தது, அப்பா கொடுத்த மோதிரத்தைப் போட்டுக்கொண்டது மட்டும்தான்.

கவிதைகள் அவளை மறக்கவில்லை என்பதுதான் எனக்குப் பெரிய விஷயம். ஐஸ்லாந்துக் கவிதையின் கடைசிப் பேச்சே அவளுடையது. நடந்தது உண்மையா என்று தந்தை கேட்க, உண்மைதான், அவனை எதிர்க்க எனக்குத் தெரியவில்லை, என்னால் முடியவுமில்லை என்கிறாள். கவிதை அங்கேயே நின்றுவிடுகிறது.

பழைய ஆங்கிலத்தில் 'டியோர்' என்று 42 வரிக் கவிதை ஒன்று உண்டு. எக்ஸெட்டர் பேராலயத்திலுள்ள 10ஆம் நூற்றாண்டுச் சுவடியில் இருக்கிறது. முதல் பத்தி வேலண்டின் சிறைத் துயரம். அடுத்ததே இவளுடையது. அங்கே அவள் பெயர் பியாடோஹில்ட். சகோதரர்கள் செத்ததைவிடத் தான் கர்ப்பமானது அவளை அதிகமாக வதைத்தது, இனி என்ன ஆகும் என்று அவளால் யோசிக்கவே முடியவில்லை என்கிறது. 'அது கடந்துபோனது, இதுவும் அப்படியே போகலாம்' என்ற பல்லவி இருவருக்குமே பொதுவாக வருகிறது. கொல்லனின் வலியையும் அவன் கையால் கெட்டவளின் வலியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஒன்றை ஒன்று ரத்துசெய்யாமல் விட்ட அந்தக் கவிஞர்மீது எனக்குத் தீராத மரியாதை.

அவள் பெற்ற மகன் விடியா பின்னால் பெரிய வீரனாகப் பாடப்படுகிறான். தித்ரெக் சாகாவில் அரசன் இறந்தபின் வேலண்ட் அவளையே மணந்துகொள்கிறான். இந்தச் சமாதான முடிவு எனக்கு ஒட்டவே இல்லை.

கேள்வி: ஒரு பழைய பெட்டியில் இவன் இயேசுவுக்குப் பக்கத்தில் இருக்கிறானாமே?

ஃபிராங்க்ஸ் பெட்டி. திமிங்கில எலும்பில் செய்தது, சுமார் 23 செ.மீ. நீளம், 8ஆம் நூற்றாண்டின் தொடக்கம், வட இங்கிலாந்து. முன்பக்கத்தின் வலப்பாதியில் குழந்தை இயேசுவைக் காண வந்த ஞானிகள். இடப்பாதியில் வேலண்ட்: குறட்டில் ஒரு தலையைப் பிடித்திருக்கிறான், காலடியில் தலையில்லாத உடல், மறுகையால் இளவரசியிடம் கிண்ணம் நீட்டுகிறான். ஏன் சேர்த்தார்கள் என்பதற்கு ஆளுக்கொரு விளக்கம். இரு பக்கமும் அரச குலத்துக்குப் பரிசு போகிறது, இரு பக்கமும் ஒரு பிள்ளை வருகிறது. அந்த ஒப்பீடுதான் நோக்கம் என்பது என் கருத்து. 19ஆம் நூற்றாண்டில் பிரான்சின் ஓசோன் ஊரில் ஒரு வீட்டில் இது தையல் பெட்டியாகக் கிடந்தது.

கேள்வி: ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் உள்ள 'வேலண்ட் பட்டறை' அவனுடையதா?

இல்லை. அது கற்கால ஈமக் கல்லறை, ஏறத்தாழ கி.மு. 3600 முதல் 3400 வரை இரண்டு கட்டமாகக் கட்டியது. இரும்பே வராத காலம். பின்னால் வந்த சாக்சன்கள், யார் கட்டியது என்று தெரியாத பெரும் கற்களைப் பார்த்து அவன் பெயரை வைத்தார்கள். கி.பி. 955ஆம் ஆண்டு நில ஆவணத்திலேயே அந்தப் பெயர் இருக்கிறது. குதிரையையும் ஒரு காசையும் விட்டுவிட்டு ஒதுங்கிப்போனால், திரும்பி வரும்போது காசு போயிருக்கும், லாடம் அடித்திருக்கும் என்ற நம்பிக்கையை 1738இல் எழுதிவைத்திருக்கிறார்கள்.

கேள்வி: இடிக் கடவுள் தோரின் சுத்தியலைச் செய்தது இவன்தானே?

இல்லை, அது குள்ளர்களின் வேலை. பழைய ஆங்கிலக் காவிய நாயகன் பெயவுல்ஃப் அணியும் மார்புக் கவசம்தான் 'வேலண்டின் கைவேலை'.

கேள்வி: எதிலிருந்து படிக்க ஆரம்பிக்கலாம்?

'டியோர்' முதலில். கால் மணி நேரம் போதும். அடுத்து 'எட்டா' என்ற பழைய கவிதைத் தொகுப்பில் உள்ள வேலண்ட் கவிதை, மேலே ஐஸ்லாந்துக் கவிதை என்று சொன்னது அதுதான். தித்ரெக் சாகா நீளமானது, அதைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். லண்டன் போகிறவர்கள் பிரிட்டிஷ் மியூசியத்தில் 41ஆம் அறையில் பெட்டியைப் பார்க்கலாம், நுழைவுக் கட்டணம் இல்லை. அதன் ஒரு பக்கப் பலகை மட்டும் ஃப்ளாரன்ஸில் இருக்கிறது, லண்டனில் உள்ளது அதன் நகல்.