‘நம்பர் போடுறதெல்லாம் ஒரு வேலையா?’

மூணாறு எஸ்டேட் லயத்திலிருந்து ஒரு தாய் எழுதியிருக்கிறார். மகள் பி.எஸ்சி. விலங்கியல் முடித்துவிட்டு, சென்னையில் ஒரு மெடிக்கல் கோடிங் கம்பெனியின் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கிறாள். டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் உரிய எண்ணைப் போடுவதுதான் அந்த வேலை. அந்த எண்ணுக்குப் பெயர் கோடு (code). போடியில் இருக்கும் சித்தப்பாவுக்கு அது பிடிக்கவில்லை. “நோய்க்கு நம்பர் போடுறதெல்லாம் ஒரு வேலையா? வெளிநாட்டுல எம்.பி.பி.எஸ். சேர்ப்போம்” என்று ஏஜென்ட்டையே வீட்டுக்கு அழைத்து வந்துவிட்டார். மொத்தச் செலவு 28 லட்சமாம். அப்பா அடுத்த வருடம் ஓய்வு பெறுகிறார். பி.எஃப்., கிராஜுவிட்டி போக மீதிக்குக் கடன். மகளுக்கோ ரத்தத்தைக் கண்டாலே தலைசுற்றல். ஆனால் மாதிரித் தேர்வில் வந்த ஒரு ஃப்ராஸ்ட்பைட் (கடுங்குளிரில் சதை உறைந்துபோகும் காயம்) சார்ட்டுக்கு, அதாவது நோயாளியின் குறிப்புக்கு, ராத்திரி 11 மணி வரை உட்கார்ந்து கோடு தேடியிருக்கிறாள்.

அம்மா, நீங்கள் பயப்பட வேண்டியது அந்த 28 லட்சத்துக்குத்தான். ஓய்வு பெற்றால் லயத்து வீட்டைக் காலி செய்ய வேண்டும். கையில் வரும் பி.எஃப்., கிராஜுவிட்டிதான் உங்களுக்கு அடுத்த கூரை. அதில் ஒரு ரூபாய்கூட ஏஜென்ட்டிடம் போகக் கூடாது.

படிப்பின் கணக்கையும் பாருங்கள். 2021இல் தேசிய மருத்துவ ஆணையம் போட்ட விதிப்படி வெளிநாட்டுப் படிப்பு குறைந்தது 54 மாதம். அங்கேயே 12 மாதம் பயிற்சி. திரும்பி வந்தால் 300க்கு 150 எடுக்க வேண்டிய தேர்வு, அதன்பின் இங்கே இன்னொரு 12 மாதம் பயிற்சி. இதற்கெல்லாம் முன்னால் நீட். ஏஜென்ட் நோட்டீஸில் அந்த 150 மதிப்பெண்ணைப் பற்றி ஒரு வரி இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள். ரத்தம் பார்க்க முடியாத பிள்ளையைக் குறைந்தது ஆறரை வருடம் இதில் நிறுத்துவது செலவு மட்டுமல்ல, தண்டனையும்கூட. அவள் வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். இதில் அவள் சொல்தான் கடைசி.

இனி, அந்த ‘நம்பர்’ விஷயம். ஜனவரியில் செண்டுவரைப் பக்கம் உறைபனி விழுந்தால் தளிர் என்னவாகும் என்று கொழுந்து கிள்ளும் உங்களுக்குத் தெரியும். சிலது வாடினாலும் தேறும். கருகியது கருகியதுதான். மனிதச் சதையும் கடுங்குளிரில் அப்படித்தான். அமெரிக்க மருத்துவமனைகள் பயன்படுத்தும் நோய் எண் பட்டியலான ஐ.சி.டி.யின் பத்தாம் பதிப்பு இந்த இரண்டையும் தனித்தனியாகப் பிரிக்கிறது: மேலோட்டமாக உறைந்தது டீ33, சதை செத்துப்போனது டீ34. (இந்த ‘டீ’ ஆங்கில எழுத்து T, பின்னால் வரப்போகும் ‘டி’ ஆங்கில எழுத்து D, குழப்பிக்கொள்ளாதீர்கள்.) 2015 செப்டம்பர் வரை அங்கே ஓடிய ஒன்பதாம் பதிப்பில் ஃப்ராஸ்ட்பைட்டுக்கு 991.0 முதல் 991.3 வரை நான்கே எண். இப்போது எந்த உறுப்பு, இடமா வலமா, சிகிச்சை எந்தக் கட்டத்தில் என்று ஏழு இடம் நிரப்ப வேண்டும்.

ஒரு சார்ட்டில் இப்படி இருப்பதாக வையுங்கள்: இடது கால் பெருவிரலும் அடுத்த விரலும் கறுத்து சதை செத்துவிட்டது என்று டாக்டர் எழுதியிருக்கிறார்; வலது கை விரல்களில் கொப்புளம், மேலோட்டமான ஃப்ராஸ்ட்பைட்; உடல் வெப்பம் 33 டிகிரி; பனியில் கார் நின்றுபோய் மாட்டிக்கொண்டவர். முதல் கோடு டீ34.832ஏ. 34 செத்த சதை, 8 கணுக்கால்-பாதம்-கால்விரல் பகுதி, 3 கால்விரல், 2 இடது, ஏ காயத்துக்கு நேரடியாகச் சிகிச்சை நடக்கும் கட்டம். இரண்டு விரலானாலும் ஒரே கோடுதான், விரல் எண்ணி இரண்டு தரம் போடக் கூடாது. அடுத்தது டீ33.531ஏ, வலது கைவிரல். கடுமையான காயம் முன்னால் வர வேண்டும் என்பதால் 34 முந்துகிறது. கடைசியில் இயற்கைக் குளிருக்கான எக்ஸ்31. அதில் எண்கள் குறைவு, ஆகவே நடுவில் மூன்று எக்ஸ் நிரப்பி ஏழாம் இடத்தில் ஏ வைக்க வேண்டும். நிரப்பாமல் விட்டால் கோடே செல்லாது. எக்ஸ்31-ஐ முதலிடத்தில் வைப்பதும் தப்பு. குளிர் காரணம்தான், நோய் அல்ல. இதே காயம் உலர்பனிக்கட்டியைத் தொட்டு வந்திருந்தால் எக்ஸ்31 கூடாது. மனிதன் உண்டாக்கிய குளிருக்கு டபிள்யூ93 தனி.

33 டிகிரியைப் பார்த்ததும் புதுப் பிள்ளைகள் உடல் வெப்பக் குறைவுக்கான டீ68-ஐயும் சேர்த்துவிடுவார்கள். டாக்டர் அந்த நோயின் பெயரை எழுதாதவரை கூடாது. டிகிரியைப் பார்த்து நோய் முடிவு செய்வது கோடர் வேலை இல்லை. அதே மாதிரி ‘ஆழமான ஃப்ராஸ்ட்பைட், ரத்தக் கொப்புளம்’ என்று மட்டும் இருந்தால் டீ34 போட மனம் துடிக்கும். சதை செத்தது என்ற பதிவு இல்லையே! டாக்டருக்குக் க்வெரி, அதாவது விளக்கம் கேட்கும் கேள்வி, அனுப்ப வேண்டும். ‘சதை செத்துவிட்டது என்று எழுதட்டுமா’ என்று வழிகாட்டுகிற மாதிரியும் கேட்கக் கூடாது. பார்த்த அறிகுறிகளைச் சொல்லி, ஆழம் என்ன என்று விளக்கம் மட்டும் கேட்கலாம்.

போட்ட கோடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டில் ஏழாம் எழுத்தில்தான் நிறைய மதிப்பெண் போகும். ‘ஏ’ என்றால் முதல் விசிட் என்று மனப்பாடம் செய்கிறார்கள். இல்லை. மூன்று வாரம் கழித்து வேறொரு சர்ஜன் அந்த விரலை எடுத்தாலும் அது காயத்துக்கான நேரடிச் சிகிச்சை, ‘ஏ’தான். புண் ஆறிவரும்போது நடக்கும் வழக்கமான பார்வைக்கு ‘டி’. வருடங்கள் கழித்து அதனால் நரம்பு வலி நீடித்தால், வலியின் கோடு முதலில், டீ34 பின்னால், கடைசி எழுத்து ‘எஸ்’. இடமா வலமா என்று பார்க்காமல், பக்கம் குறிப்பிடவில்லை என்று பொருள்படும் 9 போடுவது சோம்பேறித்தனம். நர்ஸ் குறிப்பில் பெரும்பாலும் பக்கம் எழுதியிருக்கும், தேடிப் பார்க்க வேண்டும். குளிரில் விரல் சிவந்து வீங்கி அரிக்குமே, அது ஃப்ராஸ்ட்பைட்டே இல்லை. அதற்கு டீ69.1.

சித்தப்பா கேட்ட கேள்விக்குப் பதில் இதுதான்: இந்த எண்ணை வைத்துத்தான் அங்கே இன்ஷூரன்ஸ் பணம் கொடுக்கிறது. எண் பிசகினால் கிளைம் திரும்பிவரும்.

படிக்கப் பெரிய செலவு வேண்டாம். கோடு பட்டியலும் நூறு பக்கத்துக்கு மேல் வரும் விதித்தொகுப்பும் அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையத்தின் தளத்தில் இலவசம். காயங்கள் 19ஆம் அத்தியாயம், வெளிக்காரணங்கள் 20. நோயின் பெயரை அகரவரிசையில் தேடி, கிடைத்த எண்ணைக் கோடு பட்டியலில் சரிபார்க்கும் பழக்கம் வரட்டும். அகரவரிசையில் கண்டதை அப்படியே போடுபவர் நிலைக்க மாட்டார். கோடர்களுக்கான அமெரிக்கச் சான்றிதழ்த் தேர்வான சி.பி.சி. 100 கேள்வி, நான்கு மணி நேரம், 70 சதவீதம் எடுத்தால் தேர்ச்சி. கோடு புத்தகம் வைத்துக்கொண்டே எழுதலாம். கட்டணம் டாலரில், அதனால் இப்போதே கட்ட வேண்டாம். வேலையில் சேர்ந்து, கம்பெனி கொடுக்கும் பயிற்சியை முடித்து, சொந்தச் சம்பளத்தில் எழுதட்டும். ஆரம்பத்தில் பெயருக்குப் பின்னால் ‘பயிற்சி நிலை’ என்ற அடையாளம் ஒட்டியிருக்கும், இரண்டு வருட அனுபவம் காட்டினால் போகும்.

குறையையும் சொல்லிவிடுகிறேன். எளிமையான சார்ட்டுகளை இப்போது மென்பொருளே பாதி முடித்துவிடுகிறது. ஒரே மாதிரி எக்ஸ்ரே ரிப்போர்ட்டில் வருடக்கணக்கில் உட்கார்ந்திருப்பவருக்கு ஆபத்து. முடிந்தவரை சீக்கிரம் உள்நோயாளி சார்ட்டுக்கும் ஆடிட்டுக்கும் நகர வேண்டும் என்பதை அவளிடம் முதல் நாளே சொல்லுங்கள்.

ஆஃபர் கடிதத்தில் பதவியின் பெயரைப் படியுங்கள். ‘கோடர்’ என்று இருக்க வேண்டும். ‘ஏ.ஆர். காலர்’ என்றால் ராத்திரி முழுக்க அமெரிக்க இன்ஷூரன்ஸுக்கு போன் பேசும் வேறு வேலை. பயிற்சிக் காலச் சம்பளம், ஷிப்ட், பாண்ட் எத்தனை மாதம், நடுவில் விலகினால் எவ்வளவு கட்ட வேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள். வீட்டிலிருந்தே செய்யலாம் என்று ஆசை காட்டினால், ஆனி மழையில் லயத்துக்குக் கரண்டும் நெட்டும் எத்தனை நாள் நிற்கிறது என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். முதல் இரண்டு வருடம் சென்னையில் ஹாஸ்டலே நல்லது. டெபாசிட் கேட்டாலும், ஒரிஜினல் சர்டிபிகேட்டை வாங்கி வைத்துக்கொள்வோம் என்றாலும், மகளைக் கூட்டிக்கொண்டு எழுந்து வந்துவிடுங்கள். அது எவ்வளவு பெரிய கம்பெனியாக இருந்தாலும் சரி.