சிஷூ ரியூ பேசத் தொடங்கியபோது – கடிதம்

அன்புள்ள ஐயா,

எங்கள் ஊர்த் திரைப்படச் சங்கத்தில் சென்ற மாதம் ஜப்பானிய இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் 'டோக்கியோ ஸ்டோரி' படத்தைத் திரையிட்டோம். படம் முடிந்தபின் நடந்த உரையாடலில், தந்தையாக நடித்த சிஷூ ரியூவைப் பற்றி இரண்டு கருத்துகள் எழுந்தன. அவர் நடிக்கவே இல்லை, ஓசு உட்காரச் சொன்ன இடத்தில் உட்கார்ந்திருந்தார், அவ்வளவுதான் என்றார் நண்பர் ஒருவர். மௌனப்படக் காலத்திலிருந்து வந்தவர் என்பதால் அந்தப் பழக்கத்தின் மிச்சமே அவருடைய அமைதி என்றார் இன்னொருவர். இரண்டையும் என்னால் முழுதாக ஏற்க முடியவில்லை. பேசும்படம் வந்ததும் பல நடிகர்கள் காணாமல் போனார்கள் என்று படித்திருக்கிறேன். இவர் மட்டும் எப்படித் தப்பினார்? அடுத்து அவருடைய ஒரே ஒரு படத்தைத் திரையிடலாம் என்றால் எதைப் பரிந்துரைப்பீர்கள்?

த.செ.,
திருச்சி

அன்புள்ள த.செ. அவர்களுக்கு,

உங்கள் கடைசிக் கேள்விக்கு முந்தைய கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். பேசும்படத்தின் வருகையால் வீழ்ந்தவர்களில் பெரும்பாலானோர் அதற்கு முன்பே புகழில் இருந்தவர்கள். ரியூவுக்கு அப்போது இழப்பதற்கு எதுவும் இல்லை. திரையில் அவருக்குப் பெரும்பாலும் பெயர்கூட இல்லை. ஆகவே அவர் பேசும்படத்திலிருந்து தப்பினார் என்பதைவிட, பேசும்படம்தான் அவரை நடிகராக்கியது என்பதே பொருத்தம்.

1904இல் ஜப்பானின் தெற்குத் தீவான கியூஷுவில், குமமோட்டோ பகுதியில், ஒரு பௌத்தக் கோயிலின் தலைமைக் குருவுக்கு மகனாகப் பிறந்தவர் அவர். டோக்கியோவில் தோயோ பல்கலைக்கழகத்தில் இந்தியத் தத்துவம் படிக்கச் சேர்ந்து, படிப்பை முடிக்காமல் 1925இல் ஷோச்சிகு திரைப்பட நிறுவனத்தின் கமாட்டா ஸ்டூடியோ நடத்திய நடிப்புப் பயிற்சிப் பள்ளிக்குப் போனார். தந்தை இறந்ததும் ஊருக்குத் திரும்பிக் குருவின் பொறுப்பை ஏற்க வேண்டி வந்தது. ஏறக்குறைய ஆறு மாதத்தில் அதை அண்ணனிடம் ஒப்படைத்துவிட்டு மீண்டும் கமாட்டாவுக்கு வந்தார். தெளிவான வருமானமும் மரியாதையும் உள்ள ஓர் இடத்தை விட்டுவிட்டு வந்தவருக்கு, அடுத்த பத்தாண்டுகள் கிடைத்தவை கூட்டத்தில் ஒருவராக நிற்கும் வேடங்களே. அந்த ஆண்டுகளில், 1928இலிருந்து, ஓசுவின் படங்களில் மட்டும் பதினான்கில் தலைகாட்டியிருக்கிறார். 1933இல் வந்த 'பாஸிங் ஃபேன்சி'யின் கடைசிப் பகுதியில், படகில் இருக்கும் ஆட்களுக்கு நடுவே அவர் இருப்பதைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

ஜப்பானில் மௌனப்படம் மெதுவாகத்தான் மறைந்தது. திரைக்குப் பக்கத்தில் நின்று கதையை விவரித்து, எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுத்த பென்ஷிகள் அங்கே நடிகர்களுக்கு இணையான புகழோடு இருந்தார்கள். நம்மூர்க் கொட்டகைகளிலும் அப்படிக் கதை சொன்னவர்கள் உண்டு என்றாலும் பென்ஷிகளுக்கு இருந்த செல்வாக்கு அவர்களுக்கு இருந்ததில்லை. ஷோச்சிகு 1931இலேயே முழுநீளப் பேசும்படத்தை எடுத்துவிட்டது. நம்முடைய 'காளிதாஸ்' வந்ததும் அதே ஆண்டுதான். ஆனால் ஓசு, தன் ஒளிப்பதிவாளர் ஹிதேயோ ஷிகெஹாரா சொந்தமாக ஒரு ஒலிப்பதிவு முறையை உருவாக்கிக்கொண்டிருந்ததால், அது தயாராகும்வரை காத்திருப்பதாக வாக்குக் கொடுத்து, அதுவரை மௌனப்படங்களையே எடுத்தார். சுற்றியிருந்த தொழிற்சாலைகளின் இரைச்சல் ஒலிப்பதிவுக்கு இடைஞ்சலாக இருந்ததால், 1936இன் தொடக்கத்தில் ஸ்டூடியோவே கமாட்டாவிலிருந்து ஒஃபுனாவுக்கு இடம் மாறியது.

அதே 1936இல் ஓசுவின் முதல் பேசும்படமான 'தி ஒன்லி சன்' வந்தது. ரியூ நடிகராகக் கவனிக்கப்பட்டதும் அதில்தான். பெரிய கனவுகளோடு டோக்கியோவுக்குப் போய், கடைசியில் பன்றிக்கறி வறுத்து விற்கும் சிறு கடையில் வந்து நிற்கும் நடுவயது ஆசிரியர் வேடம் அது. அப்போது அவருக்கு வயது 32. குமமோட்டோவின் நாட்டுப்புற உச்சரிப்பு அவரைக் கடைசிவரை விடவில்லை. தலைநகரத்துப் பேச்சை எதிர்பார்த்த திரையுலகில் அது ஒரு குறையாகவே கருதப்பட்டிருக்கும். ஆனால் தோற்றுப்போன அந்த ஆசிரியர், எங்கோ தூரத்து ஊரிலிருந்து வந்தவர் என்பதை அந்தக் குரல் முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடுகிறது. அவர் வசனம் பேசுவதுபோல் இல்லை. பக்கத்து வீட்டுக்காரர் திண்ணையில் பேசுவதுபோல் இருக்கிறது.

உங்கள் இரண்டாவது நண்பரிடம் இதைச் சொல்லுங்கள். ஓசுவின் தொடக்ககால மௌனப்படங்கள் பலவும் அமைதியானவை அல்ல. கல்லூரி மாணவர்களின் சேட்டைகளும் துரத்தல்களும் நிறைந்தவை. ரியூவின் அமைதி பேசும்படத்தில்தான் பிறக்க முடியும். எல்லோரும் பேசும் திரையில் ஒருவர் 'உம்' கொட்டுவதோடு நிறுத்திக்கொள்ளும்போதுதான் அவர் சொல்லாமல் விட்டது நமக்குக் கேட்கிறது.

முதல் நண்பரின் வாதத்துக்கு ஆதாரம் இல்லாமல் இல்லை. 1942இல் வந்த 'தேர் வாஸ் எ ஃபாதர்' படத்தில், சாப்பிடும் குச்சியின் நுனியைப் பார், பிறகு கையைப் பார், பிறகு மகனிடம் பேசு என்று ஓசு வரிசையை மட்டும் சொன்னதாகவும், என்ன உணர்ச்சி என்று விளக்கவில்லை என்றும் ரியூவே சொல்லியிருக்கிறார். ஓசு தீட்டிய ஓவியத்தில் தான் வெறும் வண்ணம் என்றும் எழுதியிருக்கிறார். ஒரு நல்ல கலைஞனின் பணிவை அவனுக்கு எதிரான சாட்சியமாக எடுத்துக்கொள்வது நியாயமல்ல என்பது என் எண்ணம். 1949இல் 'லேட் ஸ்பிரிங்' எடுத்தபோது நடந்ததைப் பாருங்கள். மகளைக் கட்டிக்கொடுத்துவிட்டு வெறும் வீட்டுக்குத் திரும்பும் தந்தை, நாற்காலியில் உட்கார்ந்து ஆப்பிளைத் தோல் சீவுகிறார். தோல் அறுபடாமல் நீண்டுகொண்டே போய் விழுகிறது. அந்த இடத்தில் வாய்விட்டு அழ வேண்டும் என்றார் ஓசு. தன்னால் அது முடியாது என்றார் ரியூ. சொன்னதையெல்லாம் செய்தவர் மறுத்தது அந்த ஒரு முறைதான். ஓசு ஏற்றுக்கொண்டார். படத்தில் கை நிற்கிறது, தலை மெல்லக் கவிழ்கிறது. பார்வையாளர்கள் இன்றுவரை மறக்காத அந்த முடிவு நடிகரின் மறுப்பிலிருந்து வந்தது.

உட்கார்ந்திருப்பது எளிது என்று நினைப்பவர்களுக்கு 'டோக்கியோ ஸ்டோரி'யிலேயே பதில் இருக்கிறது. 1953இல் அந்தப் படம் வந்தபோது ரியூவுக்கு 49 வயது. மனைவியாக நடித்த சியேகோ ஹிகாஷியாமா அவரைவிட 14 ஆண்டு மூத்தவர். மூத்த மகனாக நடித்த சோ யமமுரா ஆறு ஆண்டுதான் இளையவர். இவர்களுக்கு நடுவே அவர் எழுபது வயதுக் கிழவராக அமர்ந்திருக்கிறார், நமக்குச் சந்தேகமே வருவதில்லை.

ஓசுவுக்கு வெளியே நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் அவர் நடித்தார். 1967இல் வந்த ஒரு படத்தில், இரண்டாம் உலகப் போரின் முடிவின்போது ஜப்பானின் பிரதமராக இருந்த கந்தாரோ சுசுகியாக நடித்தார். 1969 முதல் 'டோரா-சான்' நகைச்சுவைத் திரைப்படத் தொடரில் கோயில் குருவாக வந்தார். தந்தையின் கோயில் பொறுப்பை விட்டுவந்த மனிதரை, 1993இல் இறக்கும்வரை ஜப்பானிய மக்கள் ஒரு குருவாகவே நேசித்தார்கள் என்பது எனக்கு மிகவும் நெகிழ்ச்சியான செய்தி.

திரையிடுவதற்கு 1947இல் ஓசு எடுத்த 'ரெக்கார்ட் ஆஃப் எ டெனிமென்ட் ஜென்டில்மேன்' படத்தைப் பரிந்துரைக்கிறேன். போருக்குப் பிந்தைய டோக்கியோவில், தந்தையைப் பிரிந்த சிறுவன் ஒருவனைக் குடியிருப்புக்கு அழைத்துவரும் சோதிடராக ரியூ வருகிறார். அண்டைவீட்டார் கூடிச் சாப்பிடும் ஒரு காட்சியில், குச்சியால் கிண்ணத்தைத் தட்டித் தாளம் போட்டுக்கொண்டு, பெட்டியின் துளைவழியாகப் படம் காட்டிய பழைய காலத்துப் படப்பெட்டிக்காரர்களின் பாட்டை முழுதாகப் பாடுகிறார். நிதானமாக, முகம் மாறாமல், அந்தக் கிராமத்துக் குரலில். 'பாஸிங் ஃபேன்சி'யின் நாயகனான தகேஷி சகமோட்டோவும் அந்தக் கூட்டத்தில் இருக்கிறார். படம் 72 நிமிடம்தான் என்பதால் உரையாடலுக்கும் நேரம் கிடைக்கும். முடிந்தால் அதற்கு முன்பாக 'பாஸிங் ஃபேன்சி'யின் படகுக் காட்சியையும் காட்டுங்கள்.

அன்புடன்.