வாசகர் கேள்வி பதில்: சியாங்ராயின் வெள்ளைக் கோயிலுக்கு ஒரு நாள் போதுமா?

தாய்லாந்தின் வடகோடியில் உள்ள சியாங்ராய் நகரின் புதிய பௌத்தக் கோயில்களைப் பற்றி வாசகர்கள் பலர் எழுதிக் கேட்டிருந்தார்கள். விடுமுறைக்குப் பாங்கொக், சியாங்மாய் என்று புறப்படுவோர் யாழ்ப்பாணத்திலும் பெருகிவருவதால், அக்கேள்விகளை இவ்விதழில் ஒன்றாகச் சேர்த்துப் பதில் எழுதுகிறேன்.

கேள்வி: மகளும் மருமகனும் எங்கள் இருவரையும் தாய்லாந்துக்கு அழைத்துச் செல்கிறார்கள். சியாங்மாயில் தங்கி, அங்கிருந்து வழிகாட்டியுடன் ஒரே நாளில் சியாங்ராய்க்குப் போய் வெள்ளைக் கோயில், நீலக் கோயில், கறுப்பு வீடு ஆகியவற்றைப் பார்த்துத் திரும்பும் சுற்றுலாவுக்குப் பணம் கட்ட யோசிக்கிறார்கள். எனக்கு முழங்கால் வலி உண்டு. இந்தப் பயணம் எங்களுக்குச் சரிவருமா?
(ஓய்வுபெற்ற ஆசிரியை, கோப்பாய்)

பதில்: அம்மா, முழங்காலுக்கு இந்தப் பயணத்தில் பெரிய சோதனை இல்லை. சியாங்மாயின் டொய் சுதெப் மலைக்கோயிலில் 300இற்கு மேற்பட்ட படிகள் ஏற வேண்டியிருப்பதைப்போல இங்கே ஏற வேண்டியதில்லை. சியாங்ராயின் கோயில்கள் சமதரையில் அமைந்தவை. உங்களைக் களைக்கச் செய்யப்போவது வான் வண்டியில் போகும் நீண்ட வீதிப் பயணம். சியாங்மாயிலிருந்து சியாங்ராய் ஏறத்தாழ 180 கிலோமீற்றருக்கு மேல். மலைப்பாதையின் வளைவுகளையும் சேர்த்தால் ஒரு வழிக்கு மூன்று, மூன்றரை மணித்தியாலம் பிடிக்கும். யாழ்ப்பாணத்திலிருந்து அநுராதபுரத்துக்குப் போய் அன்றைக்கே திரும்பிவருவது எப்படியோ, அப்படித்தான்.

காலை ஏழு மணியளவில் விடுதியில் ஏற்றுகிற வான் இரவு எட்டு மணியளவில்தான் கொண்டுவந்து இறக்கும். வழியில் வெந்நீர் ஊற்றில் ஒரு நிறுத்தம், மதியச் சாப்பாட்டுக்கு ஒரு மணித்தியாலம் என்று போக, கோயில்களுக்குக் கிடைக்கும் நேரம் நீங்கள் எண்ணுவதிலும் மிகக் குறைவு. ஆகவே மருமகன் பணம் கட்டுவதற்கு முன்னர் ஒவ்வோர் இடத்திலும் எத்தனை நிமிடம் நிற்பார்கள் என்று நிறுவனத்திடம் கேட்கட்டும். வெள்ளைக் கோயிலுக்கு மட்டும் ஒன்றரை மணித்தியாலமாவது தராத சுற்றுலா, எவ்வளவு மலிவானாலும், வேண்டாம். அதே நாளில் மீக்கொங் ஆற்றங்கரையில் மூன்று நாடுகள் சந்திக்கும் தங்க முக்கோணத்தையும் காட்டுவதாகச் சொல்லும் விளம்பரங்கள் உண்டு. அது சியாங்ராயிலிருந்து மேலும் வடக்கே, லாவோஸ் எல்லையில் இருக்கிறது. அதையும் சேர்த்தால் நாள் முழுவதும் வான் கண்ணாடிக்குள்ளேயே கழிந்துவிடும்.

என் விருப்பத்தைக் கேட்டால், சியாங்ராயில் ஓர் இரவு தங்குங்கள் என்பேன். பாங்கொக்கிலிருந்து நேரே சியாங்ராய்க்கு விமானம் உண்டு. சியாங்மாயிலிருந்து நல்ல பஸ்களும் ஓடுகின்றன. இரவு தங்குவோருக்கு இன்னுமொரு பேறு உண்டு. வெள்ளைக் கோயிலை அமைத்த அதே கலைஞர் வடிவமைத்த பொன்னிற மணிக்கூட்டுக் கோபுரம் நகர நடுவில் நிற்கிறது. மாலை ஏழு, எட்டு, ஒன்பது மணிக்கு அது இசையோடு நிறம் மாறுவதை ஒருநாள் சுற்றுலாக்காரர்கள் காண்பதே இல்லை, அவர்கள் அந்நேரம் திரும்பும் வழியில் இருப்பார்கள். தங்குவதற்கு வசதி இல்லையென்றால் வழிகாட்டியுடன் போகும் ஒருநாள் பயணமும் வீணல்ல. அந்தக் கோயில்களில் சொல்லித்தர ஆள் இருந்தால் கண்ணுக்குப் படுகிற விடயங்கள் இரட்டிப்பாகும்.

கேள்வி: படங்களில் பார்த்தால் வெள்ளைக் கோயில் கேளிக்கைப் பூங்காவைப்போலத் தெரிகிறது. இது உண்மையில் வழிபாட்டிடமா, சுற்றுலாவுக்காகக் கட்டிய காட்சிப் பொருளா?
(பல்கலைக்கழக மாணவர், திருநெல்வேலி)

பதில்: வழிபாட்டிடம்தான். அதன் பெயர் வாட் ரொங் குன். அது முன்பு ரொங் குன் கிராமத்தின் பழுதடைந்த சிறிய விகாரையாக இருந்தது. அக்கிராமத்தில் 1955இல் பிறந்த ஓவியர் சலெர்ம்சாய் கோசிட்பிபட் அதைத் தம் சொந்தப் பணத்திலேயே புதுக்கி அமைக்க முன்வந்து 1997இல் வேலையைத் தொடங்கினார். நன்கொடையாளர் எவரும் தம் விருப்பத்தைக் கட்டடத்தில் புகுத்திவிடக் கூடாது என்பதற்காக, ஒருவரிடமிருந்து 10,000 பாட் (தாய்லாந்து நாணயம்) என்ற தொகைக்கு மேல் வாங்குவதில்லை என்று வரம்பும் வைத்தார். பெருந்தொகை கொடுத்தவரின் பெயர் கல்லில் பெரிய எழுத்தில் பொறிக்கப்படுவதைக் கோயில்தோறும் பார்த்துப் பழகிய நமக்கு இந்த ஏற்பாடு ஊன்றிச் சிந்திக்கத்தக்கது.

கோயில் இன்னும் முடியவில்லை. மொத்தம் 9 கட்டடங்கள் எழும்ப வேண்டும். வேலை முடிய 2070ஆம் ஆண்டளவு ஆகலாம் என்று சொல்லப்பட்டிருக்கிறது. தமக்குப் பின்னும் தொடர்வதற்கென்றே அவர் சீடர்களைப் பழக்கிவைத்திருக்கிறார். 2014 மே 5ஆம் திகதி அப்பகுதியைத் தாக்கிய நிலநடுக்கத்தில் கோபுர உச்சி சேதமடைந்து, உள்ளே சுவரோவியங்களும் வெடித்தபோது, மனமுடைந்த அவர் எல்லாவற்றையும் இடித்துவிடப்போவதாக அறிவித்தார். பின்னர் பொறியியலாளர்கள் பார்த்துக் கட்டமைப்பு உறுதியாகவே இருக்கிறது என்று சொன்ன பிறகு திருத்தத் தொடங்கினார். காட்சிப் பொருளுக்காக ஒருவர் இப்படி வாழ்நாளைக் கொடுக்க மாட்டார் என்றே நான் நம்புகிறேன்.

இலண்டனில் உறவினர் உள்ளவர்களுக்கு ஒரு செய்தி: விம்பிள்டன் கணபதி கோயிலுக்குப் போய்வருகிற நம்மவர்கள், அதே விம்பிள்டனில் உள்ள தாய்லாந்து விகாரையான புத்தபதீபவுக்கும் ஒருமுறை போகலாம். அதன் சுவரோவியங்களை 1980களில் வரைந்த இளம் ஓவியர்களுள் சலெர்ம்சாயும் ஒருவர். மரபான பௌத்த ஓவியத்துக்குள் இன்றைய உலகத்தைக் கொண்டுவரும் அவருடைய துணிவு அங்கேயே தொடங்கிவிட்டது.

கேள்வி: எட்டு வயது மகனையும் கூட்டிச் செல்கிறோம். பாலத்தின் கீழே கைகள் நீட்டிக்கொண்டிருக்கும் படத்தைப் பார்த்தே பயந்துவிட்டான். அதன் பொருள் என்ன?
(தாய், மானிப்பாய்)

பதில்: பொருளைச் சொல்லிக் கூட்டிப்போனால் பயம் குறையும். அந்தக் கோயிலை நடந்து போகும் வரிசையிலேயே படிக்க வேண்டும். முதலில் ஒரு குழி. அதிலிருந்து நூற்றுக்கணக்கான வெண்ணிறக் கைகள் மேல்நோக்கி நீள்கின்றன. சில கைகளில் மண்டையோடு, சிலவற்றில் பிச்சைப் பாத்திரம். அவை அடங்காத ஆசையின் கைகள். எல்லாமே வெள்ளையாக இருக்கும் அந்தக் கூட்டத்தில் ஒரேயொரு விரல் நகத்துக்கு மட்டும் சிவப்புச் சாயம் பூசப்பட்டிருக்கிறது. அதைத் தேடிக் கண்டுபிடிக்கும் வேலையை மகனிடம் ஒப்படையுங்கள். அதற்குப் பிறகு அவன்தான் உங்களை இழுத்துக்கொண்டு போவான்.

அந்தக் குழிக்கு மேலாகப் போகும் ஒடுங்கிய பாலம் பிறவிச் சுழலைக் கடந்து செல்வதைக் குறிக்கிறது. அதில் ஏறினால் திரும்பி வர விடமாட்டார்கள். முன்னோக்கி மட்டுமே நடக்க வேண்டும். ஆகவே படம் எடுப்பதானால் ஏறுவதற்கு முன்னரே எடுத்துக்கொள்ளுங்கள். பாலம் முடியும் இடத்தில் சொர்க்க வாசல். அதன் இரு பக்கமும் மரணமும் இராகுவும் காவல் நிற்கின்றனர். நவக்கிரகம் சுற்றி வளர்ந்த பிள்ளைக்கு இராகுவை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை அல்லவா? அவர்கள் இருவரையும் கடந்துதான் புத்தர் இருக்கும் மண்டபத்துக்குள் நுழைய முடியும்.

வெளியே வெண்மை புத்தரின் தூய்மைக்கும், சாந்தில் பதித்த கண்ணாடித் துண்டுகள் அவருடைய ஞானத்துக்கும் குறியீடு. அருகில் போய்ப் பார்த்தால் ஒவ்வொரு துண்டும் விரல்நுனி அளவே இருக்கும். வெயில் சற்று நகர்ந்தாலும் சுவர் முழுவதும் வேறு விதமாக மின்னும். உள்ளே வாசற்பக்கச் சுவரில் தீப்பிழம்பும் அசுர முகமும், அவற்றுக்கிடையே திரைப்பட வீரர்கள், அணுகுண்டுப் போர், 2001இல் நியூயோர்க் இரட்டைக் கோபுரங்கள் தாக்கப்பட்ட காட்சி என்று நம் காலத்தின் அழிவுகள் வரையப்பட்டுள்ளன. மண்டபத்துக்குள் படம் எடுக்கத் தடை. காவலர்கள் அதில் கண்டிப்பானவர்கள். வளவில் பொன்னிறமாக மின்னும் பெரிய கட்டடத்தைக் கண்டு அதுதான் மூலக்கோயில் என்று எண்ணிவிடாதீர்கள். அது மலசலகூடம். உடலையும் உலகப் பொருளையும் குறிக்க அவர் பொன்னிறத்தைத் தேர்ந்தார், உள்ளத்துக்கு வெண்மையை வைத்துக்கொண்டார்.

கேள்வி: நீலக் கோயில் வெள்ளைக் கோயிலின் நகல்தானே? நேரம் குறைவென்றால் விட்டுவிடலாமா?
(வாசகர், சாவகச்சேரி)

பதில்: விடாதீர்கள். வாட் ரொங் சுவா தென் என்னும் அக்கோயிலை வடிவமைத்த புத்தா காப்கேவ், சலெர்ம்சாயிடம் பயின்றவர். ஆசிரியரின் சாயல் வாசலில் உள்ள நாகங்களின் வளைவிலேயே தெரியும். ஆனால் நிறத்தில் அவர் தம் வழியில் போயிருக்கிறார். 2005இல் வேலை தொடங்கி, மூலமண்டபம் 2016இல் நிறைவுற்றது. சுவரும் கூரையும் ஆழ்ந்த நீலத்தில் பொன் வேலைப்பாடுகளோடு சூழ, நடுவில் வெண்ணிறப் புத்தர் அமர்ந்திருக்கிறார். உள்ளே உட்காரலாம், கட்டணமும் இல்லை. வெள்ளைக் கோயிலில் கூட்டம் உங்களைத் தள்ளிக்கொண்டு போகும். இங்கே சுவரோரமாக இருந்து ஆறுதலாகப் பார்க்க முடியும்.

கேள்வி: கறுப்பு வீடும் கோயில் என்றே விளம்பரத்தில் போட்டிருக்கிறார்கள். சைவ உணவுக்காரராகிய எங்களுக்கு அது ஒத்துவருமா?
(குடும்பத் தலைவர், நல்லூர்)

பதில்: பான் டம் என்னும் அந்தக் கறுப்பு வீடு கோயில் அல்ல. ஓவியர் தவான் டச்சானி (1939–2014) தம் வாழ்நாளில் சேர்த்தவற்றையும் படைத்தவற்றையும் வைத்த வளவு அது; இப்போது அருங்காட்சியகம். கருந்தேக்கில் வடதாய்லாந்து முறையில் எழுப்பிய ஏறத்தாழ 40 கட்டடங்கள் உண்டு. அவற்றுள் எருமைக் கொம்புகள், விலங்குத் தோல்கள், எலும்புகள், முதலைத் தோலும் பாம்புத் தோலும் விரித்த நீண்ட மேசைகள் என்று வைத்திருக்கிறார். மரச் செதுக்கு வேலை மிக உயர்ந்தது. சாவை நேராகப் பார்க்கச் சொல்லும் கலை அது. ஆனால் தோலையும் எலும்பையும் பார்த்தால் மனம் கூசும் என்றால் வெளியே மரநிழலில் இருந்துவிடுங்கள், வழிகாட்டி குறை நினைக்க மாட்டார்.

கேள்வி: விகாரைக்குள் சைவர்களாகிய நாம் எப்படி நடந்துகொள்ள வேண்டும்?
(வாசகி, சுன்னாகம்)

பதில்: தோளும் முழங்காலும் மூடிய உடை, வாசலில் காலணியைக் கழற்றுதல், புத்தரை நோக்கிக் கால் நீட்டாமல் மடித்திருத்தல், இவை போதும். பெண்கள் பிக்குகளைத் தொடவோ கையில் நேரே பொருள் கொடுக்கவோ கூடாது. கும்பிடுவதும் கும்பிடாததும் உங்கள் விருப்பம். நமக்கு அந்நியமான இடமும் அல்ல அது. 1753இல் சியாம் என்று அப்போது அழைக்கப்பட்ட தாய்லாந்திலிருந்து உபாலி தேரர் கண்டிக்கு வந்து துறவு முறையைப் புதுப்பித்ததால்தான் இலங்கையில் சியாம் நிகாயம் என்னும் பிக்குகள் பிரிவு உண்டாயிற்று. அதற்கு முன்னரோ இலங்கையின் துறவு மரபு தாய்லாந்துக்குப் போயிருந்தது.

கேள்வி: எங்கள் சுற்றுலாவில் "நீள்கழுத்துப் பெண்கள் கிராமம்" மேலதிகக் கட்டணத்தில் இருக்கிறது. சேர்க்கலாமா?
(வாசகர், பருத்தித்துறை)

பதில்: சேர்க்க வேண்டாம் என்பதே என் பதில். கழுத்தில் பித்தளை வளையம் அணியும் அந்தப் பெண்கள் கயான் இனத்தவர். மியன்மாரின் போரிலிருந்து தப்பி எல்லை தாண்டி வந்த குடும்பங்களைச் சேர்ந்தோர் அவர்களுள் பலர். அவர்கள் நெய்த துணியை விற்றுப் பிழைப்பது உண்மை, அந்த வருமானம் அவர்களுக்குத் தேவை என்பதும் உண்மை. ஆயினும் பல குடும்பங்களுக்கு நீண்டகாலமாகக் குடியுரிமையோ விரும்பிய இடத்தில் வேலைசெய்யும் உரிமையோ கிடைக்கவில்லை; நுழைவுக் கட்டணத்தில் அவர்கள் கைக்குப் போவது எவ்வளவு என்று வழிகாட்டியைக் கேட்டாலும் தெளிவான பதில் வராது. இடம்பெயர்ந்து பாடசாலைக் கட்டடங்களிலும் முகாம்களிலும் இருந்தபோது யாரோ வந்து நம்மைப் படம் பிடித்துப்போனதை நம்மில் பலர் இன்னும் மறக்கவில்லை. அந்த ஒரு மணித்தியாலத்தை நீலக் கோயிலுக்குக் கொடுங்கள். துணி வாங்கி உதவ விரும்பினால் சியாங்ராய் இரவுச் சந்தையில் மலைவாழ் மக்கள் தாமே கொண்டுவந்து விற்கிறார்கள், அங்கே வாங்கலாம்.

கேள்வி: எந்த மாதம் நல்லது?
(வாசகர், வட்டுக்கோட்டை)

பதில்: நவம்பர் முதல் ஜனவரி வரை. காலையில் குளிரும், ஒரு மேற்சட்டை வேண்டும். பெப்ரவரி பிற்பகுதியிலிருந்து ஏப்ரல் வரை வயல்களையும் காடுகளையும் எரிப்பதால் வடதாய்லாந்து முழுவதும் புகை மூடிக்கிடக்கும். ஆஸ்துமா உள்ளவர்கள் அம்மாதங்களைக் கட்டாயம் தவிர்க்க வேண்டும், வெள்ளைக் கோயிலும் அப்போது சாம்பல் நிறமாகத்தான் தெரியும். விசா விதிகள் மாறக்கூடியவை என்பதால் ரிக்கற் போடுமுன் தாய்லாந்துத் தூதரகத்தின் அறிவிப்பைப் பாருங்கள். 2025 மே மாதம் முதல் வெளிநாட்டவர் அனைவரும் வருகை அட்டையை இணையத்தில் நிரப்ப வேண்டும். தாய்லாந்தில் இறங்குவதற்கு முந்திய மூன்று நாள்களுக்குள் நிரப்பலாம், அதற்குக் கட்டணம் இல்லை. பணம் கேட்கும் தளம் எதுவானாலும் அது அரசாங்கத் தளம் அல்ல.