இன்றைய ப்ளூஸ் கிதார் கலைஞர்களில் யாரை முதலில் கேட்பது?

அமெரிக்கக் கறுப்பின மக்களிடம் பிறந்த ப்ளூஸ் இசை இன்னும் உயிரோடு இருக்கிறதா, இருந்தால் யாரிடமிருந்து தொடங்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். தயங்காமல் சொல்வேன்: கிறிஸ்டோன் ‘கிங்ஃபிஷ்’ இங்ரம்.

1999-இல் மிசிசிப்பி மாநிலத்தின் கிளார்க்ஸ்டேலில் பிறந்தவர். ப்ளூஸின் பெரும் முன்னோடிகளில் ஒருவரான மடி வாட்டர்ஸ் வளர்ந்த பருத்திப் பண்ணை அந்த ஊரை ஒட்டித்தான் இருக்கிறது. வாட்டர்ஸ் குடியிருந்த மரக்குடிலின் மிச்சத்தை ஊரிலுள்ள டெல்டா ப்ளூஸ் அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள். அதே அருங்காட்சியகம் நடத்தும் இசை வகுப்பில்தான் சிறுவன் இங்ரம் சேர்ந்தார். முதலில் டிரம்ஸ், பிறகு பேஸ் கிதார், அதன் பிறகே சாதாரண கிதார். ‘கிங்ஃபிஷ்’ என்பது அங்கே பாடம் சொல்லித்தந்த பில் பெர்ரி வைத்த பெயர். 2014-இல் மிஷெல் ஒபாமா முன்னிலையில் வெள்ளை மாளிகையில் வாசித்த மாணவர்களில் இவரும் ஒருவர்.

‘பிறவி மேதை’ என்று இவரைப் பற்றி எழுதும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. திறமை இருந்தது, மறுக்கவில்லை. ஆனால் உட்காரவைத்துக் கற்பித்த ஆசிரியர்களும், சிறுவனுக்கு மேடை கொடுத்த ஒரு ஊரும் அந்தப் பட்டத்தில் காணாமல் போய்விடுகிறார்கள்.

வேகமாக வாசிப்பவர்கள் ஆயிரம் பேர் உண்டு. இவர் மெதுவாக வாசிக்கும் இடத்தைக் கவனியுங்கள். தந்தியை விரலால் தள்ளி வளைக்கும்போது சுரம் கொஞ்சம் கொஞ்சமாக ஏறுகிறது. கர்நாடக இசைக் கணக்கில் சொன்னால், ‘க’ சுரத்தின் தாழ்ந்த வடிவமான சாதாரண காந்தாரத்தைத் தாண்டி, அதன் உயர்ந்த வடிவமான அந்தர காந்தாரத்தைத் தொடாமல், நடுவில் நின்று அதிர்கிறது. ப்ளூஸின் வலி முழுவதும் அந்த இடைவெளியில்தான் இருக்கிறது. அங்கே எவ்வளவு நேரம் நிற்பது என்பது இவருக்குத் தெரியும்.

2019 மே மாதம் ‘கிங்ஃபிஷ்’ என்ற முதல் ஆல்பம் வந்தது. இங்ரமைவிட அறுபது வயதுக்கு மேல் மூத்த ப்ளூஸ் கலைஞர் பட்டி கை (Buddy Guy) அதில் ஒரு பாடலில் சேர்ந்து பாடினார். அந்த ஆண்டு டிசம்பரிலேயே இங்ரமின் தாய் பிரின்சஸ் பிரைட் இறந்துவிட்டார். மகனின் கச்சேரிகளுக்குக் கூடவே நின்று உழைத்தவர் அவர். அடுத்த ஆல்பம் ‘662’, வடக்கு மிசிசிப்பியின் தொலைபேசிக் குறியீட்டு எண். 2022-இல் அதற்குக் கிராமி விருது கிடைத்தது. தாயை எண்ணி எழுதிய ‘ராக் அண்ட் ரோல்’ பாடலும் அதில் உண்டு; என்னால் அதை வேறு வேலை பார்த்துக்கொண்டே கேட்க முடிவதில்லை.

2025-இல் ‘ஹார்ட் ரோட்’ வந்திருக்கிறது. ஆனால் நீங்கள் முதல் ஆல்பத்தின் ‘பீன் ஹியர் பிஃபோர்’ பாடலிலிருந்து தொடங்குங்கள். மின்சாரமில்லாத அக்கூஸ்டிக் கிதாரும் குரலும் மட்டுமே. பிடித்திருந்தால் 2023-இன் ‘லைவ் இன் லண்டன்’ பதிவுக்குப் போங்கள், ஹெட்ஃபோன் போட்டுக்கொண்டு.