கோர்ட்டில் பணம் தருவதாக எழுதிக் கொடுத்துவிட்டு ஏமாற்றுகிறார். நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போடலாமா?

சமரச மனுவில் கையெழுத்துப் போட்டவர் ஒரு தவணைகூடக் கட்டவில்லை, அவரை அவமதிப்பில் உள்ளே தள்ள முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். இதே கோபத்தோடு நானும் அப்பாவும் ஒரு காலத்தில் கும்பகோணத்தில் வக்கீல் முன்னால் உட்கார்ந்திருந்தோம்.

அப்பா 3 லட்சம் கொடுத்தது ஒரு நெல் வியாபாரிக்கு. கையில் புரோநோட்டு மட்டும். கேட்கப் போனால், "குறுவை அறுக்கட்டும்ணே", "சம்பா வரட்டும்ணே", "தை பொறக்கட்டும்ணே". ஜூன் 12-ல் மேட்டூர் திறக்காத வருஷம் அதுவே ஒரு வாய்தா. மூன்று வருஷம் முடிந்தால் நோட்டு காலாவதி என்பதால் அதற்குள் கேஸ் போட்டோம். விசாரணை பாதியில் சமரசத்துக்கு வந்தார். நான்கு தவணை என்று டிகிரி (தீர்ப்பாணை) ஆனது. ஒன்றைக் கட்டினார், அதோடு சரி.

வக்கீல் சமரச மனுவைப் பிரித்து ஒரு வரியில் விரலை வைத்தார்: 'பிரதிவாதி வாதிக்கு நான்கு தவணைகளில் செலுத்தச் சம்மதிக்கிறார்.' "தம்பி, இது உங்க அப்பாவுக்குக் கொடுத்த வாக்கு. கோர்ட்டுக்குக் கொடுத்த வாக்கு இல்ல."

உங்கள் கேள்விக்கும் விடை அந்த ஒரு வரியில்தான் இருக்கிறது. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் சிவில் அவமதிப்பு என்று இரண்டைச் சொல்கிறது: கோர்ட் உத்தரவை வேண்டுமென்றே மீறுவது, கோர்ட்டுக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவது. எதிராளியோடு செய்துகொண்ட சமரசத்தை மீறியது மட்டும் அவமதிப்பு ஆகாது என்று 1979-லேயே பாபுராம் குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 'இந்நீதிமன்றத்துக்கு உறுதியளிக்கிறேன்' என்று எழுதிக் கொடுத்து, அதை உத்தரவிலும் சேர்த்திருந்தால் கதை வேறு. அப்போது டிகிரியை நிறைவேற்ற வேறு வழி இருந்தாலும் அவமதிப்பு மனு நிற்கும்.

'வேண்டுமென்றே' என்ற சொல்லையும் விட்டுவிடாதீர்கள். 2018 நவம்பரில் கஜா புயலில் பட்டுக்கோட்டை, பேராவூரணிப் பக்கம் தென்னந்தோப்பு மொத்தமும் சாய்ந்துபோன ஒருவர் தவணை கட்ட முடியாமல் நின்றால் அவரைக் குற்றவாளி ஆக்கக் கூடாது. சட்டமும் அதைக் கேட்கவில்லை, நானும் கேட்க மாட்டேன். கையில் வைத்துக்கொண்டே தராதவர்தான் மாட்ட வேண்டும். அதைக் காட்ட வேண்டிய பொறுப்பு உங்களுடையது.

எங்களுக்கு அதைக் காட்டிக் கொடுத்தது வில்லங்கச் சான்று. சமரசத்துக்குப் பிறகு அந்த வியாபாரி தன் பெயரிலேயே ஆறு மா நஞ்சை வாங்கியிருந்தார்! அவமதிப்பை விட்டுவிட்டு, டிகிரிப்படி பணத்தை வசூலிக்க நிறைவேற்று மனு போட்டு, அந்த நிலத்தையே ஜப்தி கேட்டோம். கோர்ட் ஊழியரான அமீனா வரப்பில் நின்று தமுக்கு அடிக்கச் சொன்னார். நடவு நட்டுக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். ஏலத் தேதி வருவதற்குள் மீதித் தொகை வட்டியோடு கோர்ட்டில் கட்டப்பட்டது. ஐந்து வருஷம் குறுவையையும் சம்பாவையும் காட்டியவருக்கு அந்த மாதம் மட்டும் எங்கிருந்து பணம் வந்தது என்று அப்பா இன்றுவரை கேட்கிறார்.

அவமதிப்பில் ஜெயித்தாலும் அதிகபட்சம் ஆறு மாதம் வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். அந்த அபராதம் உங்கள் கைக்கு வராது. மன்னிப்புக் கேட்டால் விடவும் செய்யலாம். கீழ் கோர்ட்டில் கொடுத்த உறுதிமொழி என்றால் உயர் நீதிமன்றம் போக வேண்டும்: தஞ்சாவூர் மாவட்டத்துக்கு மதுரைக் கிளை, திருவாரூர், நாகப்பட்டினத்துக்குச் சென்னை. அந்த அலைச்சலையும் செலவையும் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். நிறைவேற்று மனுவுக்கு 12 வருஷம் அவகாசம் இருக்கிறது, அவமதிப்புக்கு ஒரே வருஷம்.

அதனால் நாளைக்கே நகல் மனு போட்டு சமரச மனு, டிகிரி இரண்டின் சான்றிட்ட நகலையும் வாங்குங்கள். 'நீதிமன்றத்துக்கு' என்ற சொல் இருக்கிறதா பாருங்கள். இருந்தால், முதல் தவணை தவறிய தேதியிலிருந்து ஒரு வருஷத்தை எண்ணி, அதற்குள் வக்கீலிடம் போங்கள். இல்லையென்றால் அவர் பெயரில் சொத்து ஏதும் பதிவாகியிருக்கிறதா என்று சார்பதிவாளர் ஆபீஸில் தேடிப் பாருங்கள்.