வாசகர் கேள்வி – பதில்: வலுவை உண்ணும் கடல்விலங்கு

கேள்வி: நான் எழுதிவரும் மாயக் கதையில் மங்குகடல் என்றொரு கடல் உண்டு. அதில் வாழும் ‘உரமுண்ணி’ என்ற விலங்கு ஏழு கப்பல் நீளமுள்ளது. எவரையும் கடிக்காது, விழுங்காது, அருகில் வரும் மாலுமிகளின் வலுவை மட்டும் உறிஞ்சிக்கொள்ளும். படித்துப் பார்த்த நண்பர்கள் பயமே வரவில்லை என்கிறார்கள். எதை மாற்ற வேண்டும்?

பதில்: முதலில் அதன் உருவத்தைச் சிறிதாக்குங்கள். ஒருவர் ஒரு நாளில் உண்ணும் உணவின் ஆற்றல் ஏறக்குறைய 2,000 கிலோ கலோரி. அவ்வளவையும் வெப்பமாக மாற்றினாலும் 2 டன் நீரை 1 டிகிரி சூடாக்கத்தான் அது காணும். நாற்பது பேர் கொண்ட கப்பலை முழுதாக வற்றச் செய்தாலும் ஏழு கப்பல் நீள உடம்புக்கு அது ஒரு வாய்ச் சோற்றுக்கும் ஈடாகாது. கையளவு உயிர் ஒன்று கப்பலின் அடிப்பலகையில் ஒட்டிக்கொண்டு வருகிறது என்று எழுதினால், பசியும் இரையும் பொருந்திவிடும். எங்கே இருக்கிறது என்று தேட முடியாத அச்சமும் கூடவே வந்துவிடும். கப்பலில் ஒட்டும் சிறிய மீன் பெருங்கப்பலையே நிறுத்திவிடும் என்று பழங்கால மக்கள் உண்மையாகவே நம்பினார்கள். கி.மு. 31-இல் நடந்த ஆக்டியம் கடற்போரில் ரோமானியத் தளபதி ஆண்டனியின் கப்பலை அப்படி ஒரு மீன் தடுத்துவிட்டதாக ரோமானிய அறிஞர் பிளினி எழுதிவைத்திருக்கிறார். அந்த ஒட்டுமீன் உண்மையில் தலைமேல் உள்ள தட்டினால் சுறாவையோ ஆமையையோ பற்றிக்கொண்டு, நீந்தாமல் பயணம் செய்யும் சாதுவான மீன்தான்.

அடுத்தது, இழப்பை எப்படிக் காட்டுகிறீர்கள் என்பது. நீங்கள் அனுப்பிய பகுதியில் ‘அனைவரும் சோர்ந்து விழுந்தனர்’ என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். என் கருத்தில் பயம் நழுவிப்போன இடம் அதுதான். மிகக் குளிர்ந்த நீரில் விழுந்தவருக்கு, உடலின் உள்வெப்பம் குறைவதற்கு வெகு முன்பே, விரல்கள் செயலிழந்துவிடும். நீர் காற்றைவிட ஏறத்தாழ 25 மடங்கு விரைவாக வெப்பத்தைக் கடத்துவதால், சுற்றியிருக்கும் கடலே அவரிடமிருந்து வெப்பத்தை இழுத்துக்கொண்டிருக்கிறது. நாள்தோறும் கண்ணை மூடிக்கொண்டு போட்ட முடிச்சு, முதிய மாலுமி ஒருவருக்கு மூன்றாம் முறையும் அவிழ்ந்துபோகட்டும். கயிற்றைப் பிடித்த கையை அவர் வேறு யாருடையதோ போலப் பார்க்கட்டும். அந்த ஒரு கையிலேயே வாசகர் நடுங்கிவிடுவார்.

வலு போவதை எழுத நம்மிடம் பழைய முன்மாதிரி ஒன்று இருக்கிறது. வான்மீகி இராமாயணத்தில் கடலைத் தாண்டும் அனுமனின் நிழலை, நீரில் கிடக்கும் சிம்ஹிகை என்ற அரக்கி பற்றி இழுக்கிறாள். தன் ஆற்றல் முடமாக்கப்பட்டதை உணரும் அவன், எதிர்க்காற்றில் சிக்கிய பெருங்கப்பலைப் போல் ஆனேன் என்று எண்ணுகிறான். அவள் உருவத்தை அவன் காண்பது அதற்குப் பிறகுதான். இந்த வரிசையை நீங்களும் கைக்கொள்ளலாம்.

கேள்வி: உரமுண்ணியிடமிருந்து மாலுமிகள் தப்ப வழி வேண்டாமா? மந்திரவாள் சலித்துவிட்டது.

பதில்: வாள் வேண்டாம், கடலிலேயே வழி இருக்கிறது. 1893-இல் நார்வே நாட்டுத் துருவப் பயணி நான்சென் தமது ‘ஃபிராம்’ கப்பலில் சைபீரியாவின் வடகரையோரம் சென்றபோது, மேலே அலையில்லாத நீர், இயந்திரமோ ஓடிக்கொண்டிருக்கிறது, கப்பல் மட்டும் ஊர்ந்தது. பனி உருகிய நன்னீர் மெல்லிய அடுக்காக மேலேயும் கனத்த உப்புநீர் கீழேயும் இருக்க, கப்பலின் உழைப்பெல்லாம் அவ்விரண்டின் எல்லையில் கண்ணுக்குத் தெரியாத அலைகளை எழுப்புவதிலேயே செலவாகிவிட்டது என்று 1904-இல் சுவீடன் நாட்டுக் கடலியல் அறிஞர் எக்மன் விளக்கினார். கடலோடிகள் இதைச் ‘செத்த நீர்’ என்பார்கள்.

உழைப்பையே உண்ணும் இந்தக் குணத்தை உரமுண்ணிக்குக் கொடுத்துப் பாருங்கள். துடுப்பு வலிக்க வலிக்கத்தான் அதற்கு இரை; எவரும் அசையாமல் இருந்தால் அது பட்டினி கிடந்து, பிடியை விட்டுக் கழன்றுவிடும். ஆனால் அஞ்சிய மனிதர் செய்யும் முதல் வேலையே வேகமாகத் துடுப்பு வலிப்பதுதான் என்பதால், தப்பும் வழி தெரிந்தவருக்கும் அதைக் கடைப்பிடிப்பது எளிதாக இராது. உறிஞ்சிய ஆற்றல் எங்கோ போயாக வேண்டும் என்பதையும் மறவாதீர்கள். கொழுத்த உரமுண்ணியைச் சுற்றி நீர் வெதுவெதுப்பாகி, குளிர்காற்றில் மெல்லிய மூடுபனி எழட்டும். துடுப்புகளை உள்ளே இழுத்து வைத்துவிட்டு, கப்பலோரத்தில் எழும் அந்தப் பனி மெலிகிறதா என்று நாற்பது பேர் மூச்சடக்கிப் பார்த்திருக்கும் இரவை ஒரு முழு அத்தியாயமாகவே எழுதலாம்.