ரத்தப் பரிசோதனையில் குறையில்லை, தூக்கம் மட்டும் ஏன் இல்லை?

கேள்வி: எனக்கு வயது 36. வீட்டிலிருந்தே வேலை. நாள் முழுவதும் திரையில் செய்திகள் வந்துகொண்டே இருக்கின்றன. நேற்று மாலை போனை எடுத்துப் பேசியபோது குரல் கம்மியிருந்தது. அன்று நான் வாய்விட்டுப் பேசிய முதல் சொல் அதுதான். இரவில் நான்கைந்து முறை விழிப்பு வருகிறது. தைராய்டு, ரத்தச் சர்க்கரை எல்லாம் சரியாக இருக்கின்றன. பழைய நண்பர் அழைத்தாலும் எடுக்கத் தோன்றுவதில்லை. இது நோயா?

பதில்: நோயில்லை, அலட்சியமாக விட்டுவிடக் கூடியதும் இல்லை. அந்தக் கம்மிய குரலைப் பற்றிப் படித்ததும் என் மனம் கனத்துவிட்டது. தூக்கமில்லை, தலைவலி என்று வருகிறவர்கள் 'தனியாக இருக்கிறேன்' என்று சொல்வதற்குள் இரண்டு, மூன்று சந்திப்புகள் கடந்துவிடும். நீங்கள் எடுத்த எடுப்பிலேயே சொல்லிவிட்டீர்கள்.

தனிமையுணர்வைப் பசியோடு ஒப்பிட்டார், பல ஆண்டுகள் இதை ஆராய்ந்த உளவியலாளர் ஜான் கசியோப்போ. உணவு வேண்டும் என்பதைப் பசி சொல்வதுபோல, மனிதர் வேண்டும் என்பதை இது சொல்கிறது. கூட்டத்தை விட்டுப் பிரிந்த ஆதிமனிதன் கண்ணயர்ந்தால் ஆபத்து. துணையில்லை என்று உணரும் மூளை இன்றும் காவலுக்கு நிற்கிறது என்பது அவர் விளக்கம். உங்கள் தூக்கம் துண்டு துண்டாவது அதனால் இருக்கலாம். அந்தக் காவல் பகலிலும் ஓய்வதில்லை. யார் நெருங்கினாலும் 'இவருக்கு என்ன வேண்டும்?' என்று சந்தேகப்படும். நண்பரின் அழைப்பை எடுக்காததைச் சோம்பல் என்று நினைத்து உங்களை நீங்களே திட்டிக்கொள்ளாதீர்கள்.

உலக சுகாதார நிறுவனத்தின் 2025ஆம் ஆண்டு அறிக்கைப்படி, 6 பேரில் ஒருவருக்குத் தனிமையுணர்வு இருக்கிறது.

தூக்க மாத்திரையில் தொடங்க வேண்டாம். நிறையப் பேரைச் சந்தித்தால் சரியாகிவிடும் என்றும் ஓட வேண்டாம். 2011இல் வெளியான ஓர் ஆய்வுத் தொகுப்பில், பழகும் வாய்ப்பைக் கூட்டுவதைவிட, 'என்னை யாருக்கும் பிடிக்காது' என்பதுபோன்ற எண்ணங்களைத் திருத்தும் சிகிச்சையே கூடுதல் பலன் தந்தது. உளவியல் ஆலோசகரிடம் இதைக் கற்றுக்கொள்ளலாம். கூடவே, வாரம் இரண்டு நாள் ஒரே நேரத்தில் ஒரே இடத்துக்குப் போங்கள்: நூலகம், நடைப்பயிற்சிக் குழு, எதுவானாலும் சரி. பார்த்த முகத்தையே மறுபடி பார்க்கும்போதுதான் காவல் தளரும்.

இரண்டு வாரங்களுக்கு மேல் எதிலும் நாட்டமில்லாமல் போனால் மனநல மருத்துவரைப் பாருங்கள். வாழவே வேண்டாம் என்று தோன்றினால் ஒரு நாள்கூடத் தள்ளிப்போடாதீர்கள்.

அந்த நண்பரை இன்று மாலையே அழையுங்கள். 'அன்றைக்கு எடுக்க முடியவில்லை, எப்படி இருக்கிறாய்?' என்று கேட்டாலே போதும்.